கடைசியா வந்த துப்பாக்கி

மணலூர்பேட்டை பஸ் ஸ்டாண்டுல போன வாரம் ஒருத்தி என்ன மடக்கிக்கினா. "பேசி வெச்ச மாப்ளயவே புடிச்சி உள்ள தள்ளுன எஸ்.ஐ. உன் தங்கச்சிதான?"ன்னு கேட்டா. கேக்கும்போதே வாயில ஒரு சிரிப்பு. எனக்குக் கோவம் வந்தா நாக்கு நிக்காது, இது ஊருக்கே தெரியும். ஆனா அவள நான் திட்டல. பக்கத்துல குந்த வெச்சி, நீ கேட்டது பாதிதான், மீதியயும் கேட்டுட்டுப் போடின்னு மொதல்லருந்து சொன்னேன். அவ போவ வேண்டிய பஸ்ஸு போயிடுச்சி. அவளுக்குச் சொன்னததான் உங்களுக்கும் சொல்றேன்.

என் பேரு கொளஞ்சியம்மாள். தங்கச்சி பேரு எழில்மதி. எங்கம்மா போய்ச் சேந்தப்ப அவ ஆறாவது படிச்சிக்கினு இருந்தா. எங்களுக்குன்னு காணி நெலம் கெடையாது. அடுத்தவங்க கொல்லையில கரும்பு வெட்டப் போவோம், நடவுக்குப் போவோம். நான் வெட்டுனேன், அவ படிச்சா. போலீசு வேலைக்குப் போவணும்னு தெனம் காலையில பெண்ணையாத்து மணல்ல ஓடுவா. பொட்டச்சி ஓடறா பாருன்னு கரையில நின்னு சிரிச்சானுங்க. அவ எஸ்.ஐ. ஆனதும் அதே ஆளுங்கதான் எங்க ஊரு சிங்கம்னு பேனரு கட்டுனானுங்க. ஊரு வாய மூட ஒலமூடியா இருக்கு? நானும் அந்தப் பேனருக்குக் கீழ நின்னு போட்டோ எடுத்துக்கினேன்.

கல்வராயன் மலை மேல இருக்கற ஸ்டேஷன்ல அவளுக்கு வேல போட்டாங்க. அங்கதான் அந்தப் பகலவன் வந்து சேந்தாரு. கரியாலூர்லருந்து உள்ள இருக்கற மலையூருங்களுக்கு ஷேர் ஜீப் ஓட்டறவரு. ஒரு நாளு ஜீப்புக்குள்ளயும் மேலயும் பின்னாலயும் ஆளு தொங்கிக்கினு வந்திருக்கு. எங்க எழிலு நிறுத்தி, எல்லாரும் எறங்குங்கன்னு ஃபைன் போட்டுட்டா. அவரு எதுத்துப் பேசல. ஜனங்கள எறக்கி ரோட்டோரம் நிறுத்திட்டு, மேடம், கடைசி பஸ்ஸு போயிடுச்சி, மாசமா இருக்கற பொம்பள ஒண்ணு இருக்கு, நீங்க சொன்ன மாதிரி எறக்கிட்டேன், இப்ப நீங்க ஏத்திக்குங்கன்னு கையக் கட்டிக்கினு நின்னாராம். வேற வழி? போலீசு ஜீப்புல மரவள்ளிக் கெழங்கு மூட்டையோட அத்தினி பேரயும் ஏத்திக்கினு போயி வூட்டு வூட்டுக்கு எறக்கி வுட்டா. ஃபைனும் போட்டு வண்டியும் ஓட்டுன ஒரே எஸ்.ஐ. நீதாண்டின்னு நான் இன்னிக்கும் அவள கிண்டல் பண்ணுவேன்.

அதுலருந்து ரெண்டு பேருக்கும் புடிச்சிப் போயி, கட்டிக்கப் போறாங்கன்னு எங்காதுக்கு வந்தப்ப நான் ஆடுன ஆட்டத்தச் சொல்லணுமா? நம்ம ஜனமும் இல்ல, நம்ம பக்கமும் இல்ல, இன்னாடி கண்ட நீன்னு கத்துனேன். அப்பறம் அவரே ஒரு பலாப்பழத்தத் தோள்ல தூக்கிக்கினு, அப்பா கண்ணாயிரத்தயும் கூட்டிக்கினு எங்க வூட்டுக்கு வந்தாரு. அந்தப் பெரியவரு மொதல்ல கேட்டதே, பொண்ணுக்கு நாங்க இன்னா பரிசம் வெக்கணும்னு சொல்லும்மான்னுதான். அவங்க மலை ஜனங்கள்ல மாப்ள வூடுதான் பரிசம் வெச்சி பொண்ணு கேக்கணுமாம். எங்க பக்கம் பொண்ணப் பெத்தவன்தான் நகைக்கும் பாத்திரத்துக்கும் நாய் படாத பாடு படுவான். எனக்குச் சிரிப்பு தாங்கல. எங்க பொண்ண நல்லா வெச்சிக்கினா போதும்னு சொல்லி, பலாச்சொளய நானே உரிச்சி எல்லாருக்கும் குடுத்தேன். அறுவடை முடிஞ்சதும் கல்யாணம்னு முடிவாச்சி.

அந்த மலையில காட்டுப்பன்னித் தொல்ல ஜாஸ்தி. மக்காச்சோளம் கதிரு பிடிச்சிட்டா கூட்டமா எறங்கி ஒரே ராத்திரியில கொல்லையக் காலி பண்ணிடும். அதனால வூட்டுக்கு வூடு நாட்டுத் துப்பாக்கி வெச்சிருப்பாங்க. லைசென்சு ஏது? கருமருந்தத் திணிச்சி, சைக்கிள் பால்ரஸ் குண்டப் போட்டுச் சுடறது. அந்தத் துப்பாக்கிங்கள வாங்கறதுக்கு அங்க போலீசு ஒரு வழி வெச்சிருக்காங்க. இந்த நாளுக்குள்ள ஊருப் பொதுவுல கொண்டாந்து வெச்சிட்டுப் போயிடுங்க, யாரு வெச்சதுன்னு கேக்க மாட்டோம், கேசும் போட மாட்டோம்னு சொல்லிடுவாங்க. எங்க எழிலும் பகலவன் ஊருல அப்பிடித்தான் சொன்னா. வர்ற வெள்ளிக்கெழமக்குள்ள மாரியம்மன் கோயிலு வாசல்ல வெச்சிடுங்கன்னு வாக்குக் குடுத்தா. நம்ம ஊருக்கு மருமவளா வரப் போற பொண்ணு சொல்லுதுன்னு ஜனங்களும் நம்புனாங்க. தெனம் காலையில கோயிலு வாசல்ல ரெண்டு மூணு துப்பாக்கி கெடக்கும். இவ போயி எடுத்துக்கினு வருவா.

அவ பண்ண ஒரே தப்பு இதுக்கு முன்னாடியே நடந்துடுச்சி. பகலவன் கொல்லையப் பாக்கப் போனவ, அங்க காவப் பரண் மேல ஒரு துப்பாக்கி சாத்தி இருக்கறதப் பாத்துட்டா. அதோட மரக்கட்டை விரிசல் வுட்டதுக்கு ஜீப்போட பிரேக் கேபிளச் சுத்தி இறுக்கி வெச்சிருந்தாரு. போலீசு கண்ணுல பட்டுச்சின்னா அப்பவே எடுத்துக்கினு வரணும். இவ எடுக்கல. ஊருக்கே முன்மாதிரியா நீங்கதான் மொதல்ல கொண்டாந்து வெக்கணும்னு சொன்னா, அவரும் சரின்னாரு. ஆனா பெரியவரு வுடல. கதிரு ஒடிக்கற வரைக்கும் இருக்கட்டும்டா, கடைசி நாள்ல வெச்சிக்கலாம், பாடுபட்டதெல்லாம் பன்னிக்கான்னு புள்ளயத் தடுத்துட்டாரு. அப்பன் பேச்சத் தட்ட முடியாம இவரும் வெச்சிக்கினாரு.

அந்த வாரம் பெரியவரு எங்க வூட்டுலதான் இருந்தாரு. ரெண்டு கண்ணுலயும் பொற மறைச்சிக்கினு இருந்துச்சி. எழிலுதான் கள்ளக்குறிச்சிக்கு இட்டாந்து ஒரு கண்ணுக்கு ஆபரேஷன் பண்ண வெச்சா. ஆபரேஷன் ஆன கண்ணோட மலை ரோட்டுல குலுங்கிக்கினு போவ வாணாம், அக்கா நீ பாத்துக்கன்னு எங்கிட்ட வுட்டுட்டுப் போனா. வேளா வேளைக்குக் கஞ்சி குடுத்து, கண்ணுக்குச் சொட்டு மருந்து வுட்டது நானு.

வியாழக்கெழம விடிஞ்சும் விடியாத நேரம். மலையில மூஞ்சிக்கு மூஞ்சி தெரியாத பனி. ராசுன்னு ஒரு கூலிக்காரரு, கட்டு அவுத்துக்கினு போன கன்னுக்குட்டியத் தேடிக்கினு ஓடையோரமா சோளக் கொல்லைங்களுக்கு நடுவுல போயிருக்காரு. பயிரு அசைஞ்சிருக்கு. பன்னின்னு நெனச்சி எவரோ சுட்டிருக்காங்க. அவரு சம்சாரம் பாப்பாத்தி போயிப் பாக்கும்போது உசுரு இல்ல. சின்னப் புள்ளைங்க ரெண்டு அதுக்கு.

மறுநாளு வெள்ளிக்கெழம. கோயிலு வாசல்ல ஒரே ஒரு துப்பாக்கி கெடந்துச்சி. எழிலு குனிஞ்சி எடுத்தா. கட்டையில பிரேக் கேபிளு சுத்தி இருந்துச்சி.

அந்த வூட்டுல இருக்கறதே ரெண்டு ஆம்பள. ஒருத்தரு மணலூர்பேட்டையில எங்க வூட்டுக் கயித்துக் கட்டில்ல படுத்திருக்காரு. சுட்டது யாருன்னு அவளுக்கு அந்த நிமிஷமே தெரிஞ்சி போச்சி. கூட வந்த கான்ஸ்டபிளுக்கோ இன்ஸ்பெக்டருக்கோ அது யாரோட துப்பாக்கின்னு தெரியாது. ஊரக் கேட்டா ஊரு மொத்தமும் ஒரே பேச்சு. மலையில வெடிச்சா எல்லாப் பக்கமும்தான் சத்தம் கேக்கும், நாங்க இன்னாத்தக் கண்டோம்னாங்க. அந்த ஊருக்குத் தலைவரு ஊர்க்கவுண்டரு, அவரு ஒரு படி மேல போயி, யாரு வெச்சதுன்னு கேக்க மாட்டேன்னு வாக்குக் குடுத்தது நீதானம்மான்னு அவளயே மடக்குனாரு. அவ வாயத் தொறக்காம இருந்தா போதும், கேசு அப்பிடியே கெடந்து மக்கிப் போயிடும். கல்யாணமும் நடந்துடும்.

சாயங்காலம் பாப்பாத்தியப் பாக்கப் போயிருக்கா. அந்தப் பொண்ணு அழுவல. வூட்டுக்குள்ள கதவச் சாத்திக்கினு குந்தி இருந்துச்சாம். "யாருன்னு மட்டும் சொல்லிடும்மா. ஊருல ஒவ்வொரு ஆம்பள மூஞ்சியயும் பாத்து நீயா நீயான்னு மனசு கேக்குது. ஒருத்தர் வூட்டுத் தண்ணியும் எறங்கல"ன்னு சொல்லிச்சாம். இத எழிலு எங்கிட்ட போன்ல சொன்னா. துப்பாக்கி விஷயத்தயும் அப்பத்தான் சொன்னா. நான் அவள தேத்துனேன்னு நெனைக்காதீங்க. அன்னிக்கே புடுங்கிக்கினு வராம இன்னாடி பண்ணிக்கினு இருந்தன்னு போன்லயே காய்ச்சி எடுத்தேன். "அதத்தாங்க்கா நானும் என்னக் கேட்டுக்கினு இருக்கேன்"ன்னா. பகலவனுக்குப் போன் மேல போன் போட்டிருக்கா, அவரு எடுக்கல. தானா வந்து ஒத்துக்கட்டும், ஒரு நாளு பாக்கறேன், வரலேன்னா நானே இன்ஸ்பெக்டர்கிட்ட சொல்லிடுவேன்னா.

மறுநாளு பெரியவரு நான் சொல்லச் சொல்லக் கேக்காம கெளம்பிட்டாரு. ஊருலருந்து யாரோ அவருக்கு நடந்ததச் சொல்லிட்டாங்க. கண்ணுக் கட்டோட தனியா எப்பிடி வுடறது? கள்ளக்குறிச்சி போயி, கச்சிராயபாளையம் வழியா மலை பஸ்ஸப் புடிச்சி, அவர வூட்டுல வுட்டுட்டு, தங்கச்சி தங்கி இருந்த எடத்துக்கு நான் போனேன்.

ஞாயித்துக்கெழம காலையில அவ கூடவே ஸ்டேஷனுக்குப் போயி, உள்ள நடக்கறது தெரியற மாதிரி வாசப் பெஞ்சில குந்தி இருந்தேன். உள்ள போயி இன்ஸ்பெக்டர்கிட்ட சொல்லப் போறேன், நீ வெளியிலயே இருன்னு சொல்லிட்டு அவ தொப்பிய எடுத்து மாட்டிக்கினா. அப்பத்தான் பகலவனோட ஜீப் வந்து நின்னுச்சி. பெரியவரும் ஊர்க்கவுண்டரும் எறங்குனாங்க. பகலவன் எறங்கல, ஸ்டீயரிங்கப் புடிச்சிக்கினு குனிஞ்சி குந்தி இருந்தாரு. எழுந்து போயி நாலு அறை வுடலாமான்னு எனக்கு இருந்துச்சி.

பெரியவரு நேரா இன்ஸ்பெக்டரு முன்னாடி போயி நின்னு, "நான்தான் சாமி சுட்டேன். பன்னின்னு நெனச்சி சுட்டுட்டேன்"ன்னாரு. ஆபரேஷன் ஆன கண்ணுல வெள்ளக் கட்டு, இன்னொரு கண்ணுல பொற. சொல்லிட்டு எங்க எழில ஒரு பார்வ பாத்தாரு. அந்தப் பார்வையில எல்லாம் இருந்துச்சி. நீ சும்மா இரு தாயி, கெழவன் உள்ள போறேன், நீங்க ரெண்டு பேரும் பொழைங்கன்னு. இன்ஸ்பெக்டருக்கு அப்பாடான்னு ஆயிடுச்சி. ரைட்டரக் கூப்புட்டு எழுதச் சொன்னாரு. வியாழக்கெழம காலையில அவரு எங்க இருந்தாருன்னு ஜீப்புல குந்தி இருந்தவர வுட்டா, அந்த ஸ்டேஷன்ல தெரிஞ்சவங்க நாலு பேருதான். அவரு, ஊர்க்கவுண்டரு, எழிலு, நானு.

எழிலு ரெண்டடி முன்னாடி வந்து சல்யூட் அடிச்சா. "சார், இவரு சுடல"ன்னா. அவரே ஒத்துக்கறாரே, உங்களுக்கு இன்னான்னு இன்ஸ்பெக்டரு எரிஞ்சி வுழுந்தாரு. "அன்னிக்குக் காலையில இவரு மணலூர்பேட்டையில எங்க அக்கா வூட்டுல இருந்தாரு சார். அக்கா வெளியிலதான் இருக்காங்க, கேளுங்க. அந்தத் துப்பாக்கிய நான் முன்னாடியே பாத்திருக்கேன். பாத்தும் கைப்பத்தல. அதயும் எழுதிக்குங்க"ன்னா. ஊர்க்கவுண்டருக்குக் கோவம் வந்துடுச்சி. குடுத்த வாக்க மீறறியான்னு கேட்டாரு. துப்பாக்கி வெச்சிருந்ததுக்குக் கேசு இல்லன்னுதான் சொன்னேன், ராசுவ சுட்டது யாருன்னு கேக்க மாட்டேன்னு நான் எப்பவும் சொல்லலியேன்னா. பெரியவரு மட்டும் அவ கையப் புடிச்சிக்கினு, பேசாம இரும்மா, நான் சொல்லித்தான் அவன் வெச்சிருந்தான், உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன்னு கெஞ்சுனாரு.

"மாமா, உங்கள ஜெயிலுக்கு அனுப்பிட்டு, அந்தப் பொய்யி மேல அடுப்பு மூட்டி என்னால சோறாக்க முடியாது"ன்னா எங்க எழிலு. மொத மொத அவர அவ மாமான்னு கூப்புட்டது அப்பத்தான். அந்த மனுசன் அப்பிடியே தரையில குந்திட்டாரு.

இன்ஸ்பெக்டர்கிட்ட கேட்டுக்கினு அவ வெளிய வந்தா. ஜீப்புகிட்ட போயி, "எறங்கி வாங்க"ன்னா. அவரு நிமிந்து பாத்தாரு. அப்பா வுடல எழிலுன்னு முனகுனாரு. "அப்பா வுடலன்னு துப்பாக்கிய வெச்சிக்கினீங்க. அப்பா வுடலன்னு இப்ப அவரயே தள்ளி வுடறீங்க. பாப்பாத்தி அக்கா ஊரு மூஞ்சியெல்லாம் பாத்துக்கினு குந்தி இருக்கு. எறங்கி வாங்க"ன்னா. கத்தல, அழுவல. அவரு எறங்குனாரு. சாவிய அவ கையில குடுத்துட்டு முன்னாடி நடந்தாரு. என்னத் தாண்டிப் போவும்போது தல நிமிரல. எனக்கு அவரு மேல அத்தினி கோவம், அதே நேரம் பாவமாவும் இருக்கு, இன்னா சொல்றது.

அப்பறம் நடந்தது ஊருக்கே தெரியும். துப்பாக்கியப் பாத்தும் எடுக்கலன்னு அவளுக்கு மெமோ குடுத்தாங்க, இன்கிரிமெண்ட நிறுத்துனாங்க, எலவனாசூர்கோட்டைப் பக்கம் மாத்திட்டாங்க. அவ கேட்டு வாங்கிக்கினது அது. மலையில சில பேரு அவள மாமனாரு வூட்டக் கெடுத்தவன்னு மண்ண வாரித் தூத்துனாங்க. எங்க ஊருல நெஞ்சுல ஈரம் இல்லாதவன்னாங்க. பாப்பாத்தி மட்டும் நேரா பெரியவரு கண்ணாயிரம் வூட்டு வாசலுக்குப் போயி, வாயில வந்தபடி சாபம் வுட்டு, தரையில அடிச்சிக்கினு, வெளக்கு வெக்கற வரைக்கும் அழுதுச்சாம். மறுநாளு பக்கத்து வூட்டுல தண்ணி வாங்கிக் குடிச்சிட்டு வேலைக்குப் போச்சாம். அத எங்கிட்ட சொன்னப்பதான் எழிலு மூஞ்சில கொஞ்சம் தெளிவு வந்துச்சி.

பகலவன் ஜாமீன்ல வந்தாரு. இவ அவருகிட்ட பேசல. போன் நம்பரு இருந்துச்சி, போடல. நான் சாட்சிக்கா, சாட்சி சொல்ற வரைக்கும் பேசக் கூடாதுன்னா. கேசு இழுத்துக்கினே போச்சி. முடிஞ்சி போன கதன்னு நெனச்சி நான் வேற எடம் பாத்தேன். நெல்லிக்குப்பத்துல வாத்தியாரு, திருக்கோவிலூர்ல கடை வெச்சிருக்கறவரு, எதச் சொன்னாலும் வாணாம்க்கான்னு எழுந்து போயிடுவா. மனசு வுட்டுப் போச்சி போலன்னு நானும் வுட்டுட்டேன்.

சாட்சி சொல்ற நாளு நானும் கள்ளக்குறிச்சி கோர்ட்டுக்குப் போயிருந்தேன். பாப்பாத்தி எம்பக்கத்துல குந்தி இருந்துச்சி. எழிலு யூனிஃபார்ம்ல வந்து ஜட்ஜுக்கு சல்யூட் அடிச்சிட்டுக் கூண்டுல ஏறுனா. பரண்ல பாத்ததுலருந்து கோயிலு வாசல்ல எடுத்தது வரைக்கும் ஒண்ணு வுடாம சொன்னா. பகலவனுக்கு அவங்க ஒறவுக்காரங்க காசிநாதன்னு ஒரு வக்கீல வெச்சிருந்தாங்க. எதயும் ஒத்துக்காதன்னு அவரு சொல்லி வெச்சதால, பகலவனும் வாயத் தொறக்காம நின்னுக்கினு இருந்தாரு. பிரேக் கேபிளு எல்லா ஜீப்புலயும்தான் இருக்குன்னு வக்கீலு பேசுனாரு. அவ அசரல. கடைசியா அவரு வேற பக்கம் வந்தாரு. ஒத்த துப்பாக்கிய வெச்சி இவ சொல்ற பேச்சு, அதுக்கு ஒரே காரணம் பழி வாங்கறதுதான்னு காட்டணும் அவருக்கு.

"உங்களுக்கும் எதிரிக்கும் நடக்க இருந்த கல்யாணம் நின்னு போன ஆத்திரத்துலதான் இப்பிடி சாட்சி சொல்றீங்க, சரிதான?"ன்னாரு. கோர்ட்டுல கேசு சுமத்தப்பட்டவர எதிரின்னுதான் சொல்லுவாங்க.

"இல்லீங்க. கல்யாணம் நிக்கல"ன்னா எங்க எழிலு.

வக்கீலு சிரிச்சாரு. "அப்பிடின்னா எதிரி உங்களுக்கு இப்ப இன்னா ஒறவு?"

"நான் கட்டிக்கப் போறவருங்க."

கூடப் பொறந்த எங்கிட்ட அவ சொல்லல. அவருகிட்டயும் சொல்லல. ஜட்ஜு எழுதிக்கினு இருந்தவரு நிமிந்தாரு. இவருக்கு எதிரா சாட்சியும் சொல்லிட்டு கட்டிக்கவும் போறேன்னு சொல்றீங்களே, யோசிச்சிச் சொல்லுங்கம்மா, ரெக்கார்டுல ஏறிடும்னாரு. "ஏறட்டுங்கய்யா. ரெண்டும் நெசந்தான்"னா. அவ கொரலு கொஞ்சம் கூடப் பிசகல.

அது வரைக்கும் தரையப் பாத்துக்கினு நின்ன பகலவன் அப்பத்தான் தலய நிமித்தி அவளப் பாத்தாரு. வக்கீல்கிட்ட, போதும் சார், நீங்க ஒக்காருங்கன்னாரு. அப்பறம் ஜட்ஜப் பாத்துக் கும்புட்டாரு. "அய்யா, நான்தான் சுட்டேன். பன்னின்னு நெனச்சி சுட்டேன். ராசு அண்ணன்னு தெரிஞ்சப்பறமும் பயந்துக்கினு வாயத் தொறக்கல. ரெண்டுக்கும் சேத்து தண்டன குடுங்க"ன்னாரு. பாப்பாத்தி முந்தானைய வாயில வெச்சி அழுத்திக்கினு அழுதுச்சி. நானும் அழுதேன். எங்க ஊருல அவ ஓடுனதப் பாத்துச் சிரிச்சவன், அவளப் பத்தி வம்பு பேசுனவ, அத்தினி பேரும் அந்தக் கோர்ட்டுல இருந்திருக்கணும்னு இருந்துச்சி எனக்கு.

என்ன அறியாம நான் எழுந்து நின்னுட்டேன். குந்தும்மா, கோர்ட்டு நடக்குதுன்னு டவாலி வந்து அதட்டுனாரு. என் தங்கச்சி கூண்ட வுட்டு எறங்கி வர்ற வரைக்கும் நான் குந்தல.